காற்றை யாருக்கு எழுதி வைப்பது?

காணியை எழுதி வைக்கலாம். வீட்டை எழுதி வைக்கலாம். நகை, பாங்க் புத்தகம், ஓடாத சைக்கிள் வரைக்கும் இது இன்னாருக்கு எண்டு சொல்லிவிட்டுப் போகலாம். காற்றை எப்படி எழுதி வைப்பது? ‘அவதார்: த லாஸ்ட் ஏர்பெண்டர்’ தொடரையும் அதன் தொடர்ச்சியான ‘த லெஜெண்ட் ஒஃப் கோரா’வையும் அடுத்தடுத்துப் பார்த்து முடித்தபிறகு எங்களுக்குள் நடந்த வாக்குவாதம் முழுக்க இந்தக் கேள்வியைச் சுற்றித்தான். முதலாவது 2005 முதல் 2008 வரை வந்த 61 அத்தியாயங்கள். மற்றது 2012 முதல் 2014 வரை வந்த 52. ஒரு லப்டொப்பைச் சுற்றி இருந்து, கிழமைக்கு நாலைந்து அத்தியாயமாக, ஐந்து மாதத்துக்கு மேல் எடுத்தது எங்களுக்கு.

இது விமர்சனம் இல்லை. ஆங் என்ற காற்றுவித்தைக்காரன் எப்படி வாழ்ந்தான், என்னத்தை விட்டுவிட்டுப் போனான் என்று நாங்கள் கதைத்துக் கதைத்து மிஞ்சியது. கதை முழுக்க வெளியில வந்துவிடும். இன்னும் பாக்காத ஆக்கள் பாத்துப்போட்டு வந்து வாசிக்கலாம், கோவிக்க மாட்டம்.

பாக்காமலே வாசிக்கப்போகிறவர்களுக்காகக் கொஞ்சம் சொல்லவேண்டும். அந்த உலகத்தில் நான்கு நாட்டார் இருக்கிறார்கள். நீர்க் குலங்கள், மண் இராச்சியம், நெருப்பு நாடு, காற்று நாடோடிகள். ஒவ்வொரு நாட்டிலும் சிலருக்குத் தங்கள் பூதத்தை அசைக்கிற வித்தை பிறப்பிலேயே இருக்கும். நான்கையும் அசைக்கத் தெரிந்த ஒரே ஒருவர்தான் அவதார். சொல் எங்கட வீட்டுச் சொல்தான், அவதாரம். ஒரே உயிர் நாடு மாறி நாடு மாறிப் பிறந்துகொண்டே இருக்கும். நெருப்பு நாட்டு ரோக்குவுக்குப் பிறகு காற்று நாடோடிகளிடம் பிறந்தவன் ஆங். அவனுக்குப் பிறகு நீர்க் குலத்தில் பிறந்தவள் கோரா.

ஆங்கின் பறக்கிற எருமைக்கு அப்பா என்று பெயர். அவன் “அப்பா!” என்று கத்தும்போதெல்லாம் வீட்டு ஆக்கள் ஆரைக் கூப்பிடுது எண்டு எட்டிப் பாப்பினம். அது வேற கதை.

தொடரை உருவாக்கிய மைக்கல் டான்டே டிமார்ட்டினோவும் பிரையன் கொனியட்ஸ்கோவும் அமெரிக்கர்கள். ஆனால் காற்று நாடோடிகளை அவர்கள் வெறுங்கையால் செய்யவில்லை. ஆங் காற்றை அசைக்கிறபோது வட்டம் வட்டமாகக் கால் வைத்துச் சுழல்கிறானே, அது பாகுவா என்ற சீனத் தற்காப்புக் கலையின் அசைவு. மலை உச்சி மடங்கள், மொட்டைத் தலை, காவி உடுப்பு எல்லாம் திபெத்திய பௌத்தத்தை நினைவுபடுத்துகிறவை. ஆங்கை வளர்த்த துறவியின் பெயர் க்யாட்ஸோ. ஆங்கின் கடைசி மகனின் பெயர் டென்சின். இரண்டையும் சேர்த்தால் இப்போதுள்ள 14ஆவது தலாய் லாமாவின் பெயர், டென்சின் க்யாட்ஸோ. ஆயிரக்கணக்கான விளையாட்டுப் பொருட்களுக்குள் முன்னைய அவதார்களுக்குச் சொந்தமான நான்கைக் குழந்தை ஆங் சரியாக எடுத்ததால்தான் அவனை அடையாளம் கண்டார்கள் என்று கதையில் வருகிறது. தலாய் லாமாவையும் அப்படித்தான், முன்னையவரின் பொருட்களைக் குழந்தையின் முன்னால் வைத்துத் தெரிந்தெடுத்தார்கள். 1959இல் அவர் நாட்டை விட்டுத் தப்பி இந்தியாவுக்கு வரவேண்டி வந்தது எல்லாருக்கும் தெரியும். ஒரு நாட்டார் தங்கள் மலையை இழப்பது என்றால் என்ன என்பதற்கு அந்த இரண்டு பேருக்கும் முன்னால் உண்மையான ஒரு கதை இருந்திருக்கிறது.

ஒரு தலைக்கவசம், கொஞ்சப் பனி

ஆங்குக்கு 12 வயது. காற்றுப் பந்து ஒன்றை உருட்டி அதில் ஏறி ஓடுகிற ஒரு வித்தையைத் தானாகவே கண்டுபிடித்தவன். அந்த வயதிலேயே நெற்றியில் நீல அம்பு பச்சை குத்தி, ஆசான் என்ற தகுதி பெற்றவன். வழமையாக 16 வயதில்தான் நீ அவதார் என்று சொல்வார்கள். போர் வரப்போகிற அறிகுறி தெரிந்ததால் அவனுக்கு நான்கு வருடம் முந்திச் சொல்லிவிட்டார்கள். சொன்ன நாளில் இருந்து கூட்டாளிகள் அவனை விளையாட்டில் சேர்க்கவில்லை. அவதார் உள்ள பக்கம்தானே வெல்லும், அது நியாயமில்லையாம். மூத்த துறவிகள் அவனை க்யாட்ஸோவிடம் இருந்து பிரித்து வேறு மடத்துக்கு அனுப்ப முடிவெடுத்தார்கள். அதை ஒளித்திருந்து கேட்டவன் கடிதம் எழுதி வைத்துவிட்டு இரவோடிரவாக அப்பாவில் ஏறிப் போய்விட்டான். புயலில் கடலுக்குள் விழுந்து, தன் சக்தியாலேயே பனிக்கட்டிக்குள் உறைந்து, கண்ணைத் திறந்தபோது நூறு வருடம் கழிந்திருந்தது.

அந்த நூறு வருடத்தின் தொடக்கத்திலேயே ஒரு வால்வெள்ளி வந்தது. அது தந்த அசுர பலத்தில் நெருப்பு அரசன் சோஸின் நான்கு காற்றுக் கோயில்களையும் தாக்கி, அடுத்த அவதாரைப் பிடிப்பதற்காக ஒரு நாட்டாரையே இல்லாமல் பண்ணினான்.

இதைச் சிறுவர் தொடர் ஒன்று மூன்றாவது அத்தியாயத்திலேயே காட்டுகிறது. ஆங் தன்னைக் கண்டெடுத்த கட்டாராவையும் சொக்காவையும் கூட்டிக்கொண்டு தெற்குக் காற்றுக் கோயிலுக்குப் போகிறான். வீட்டைக் காட்டுகிற சந்தோசம். இங்கதான் விளையாடுவம், இங்கதான் எருமைகள் தூங்கும் என்று ஓடித் திரிகிறான். வழியில் நெருப்பு நாட்டுச் சிப்பாயின் தலைக்கவசம் ஒன்று கிடக்கிறது. அதைக் கண்ட கட்டாரா, ஆங் பாக்கமுதல் மேலே கிடந்த பனியைச் சரித்து மூடிவிடுகிறாள்.

எங்களை அந்தக் காட்சி நிப்பாட்டியது. எங்கட வீடுகளிலும் பெரியாக்கள் இப்படிப் பனி சரித்திருக்கிறார்கள். சில பெயர்கள் வந்தால் கதை மாறும். சில படங்கள் அலுமாரிக்குள்ளேயே இருக்கும். பிள்ளைக்குத் தெரியவேண்டாம் எண்டு அன்பில செய்யிறதுதான். ஆனாலும் ஆங் கொஞ்சத் தூரம் போய் க்யாட்ஸோவின் எலும்புக்கூட்டைக் கண்டுவிடுகிறான். அதைச் சுற்றிச் சிப்பாய்களின் எலும்புகளும் கவசங்களும்.

ஒருவன் அப்போது சொன்னான்: “அந்தக் கிழவன் சும்மா சாகேல்ல. எத்தினை பேரைக் கொண்டிருக்கிறார் பார்.” எந்த உயிரும் புனிதம் என்று சொல்லிக்கொடுத்தவர். தொடர் இதற்கு விளக்கம் ஒன்றும் தரவில்லை. எலும்புகளைக் காட்டிவிட்டு நகர்ந்துவிடுகிறது. இந்த எலும்புகள் பிறகு எங்களுக்குத் தேவைப்பட்டன.

புத்தகத்தில் இல்லாத பதில்

ஆங்கிடம் இருந்த முதுசம் என்ன? கட்டடங்கள் உடைந்துவிட்டன. வடக்குக் காற்றுக் கோயிலில் மண் இராச்சியத்து அகதிகள் குடியேறி, சுவரோவியங்களை இடித்துக் குழாய் பொருத்தி, இயந்திரங்கள் வைத்திருக்கிறார்கள். முதலில் அவனுக்குப் பொறுக்க முடியாத கோபம். ஆனால் அவர்கள் வெள்ளத்தில் ஊரை இழந்து வந்தவர்கள். காலியான ஓட்டுக்குள் நண்டு குடியேறுகிற மாதிரி, நீங்கள் இங்கே பிறக்காவிட்டாலும் இதை வீடாக்கிவிட்டீர்கள் என்று கடைசியில் ஆங் அவர்களிடம் சொல்கிறான். எங்களில் பாதிப் பேருக்கு இது பிடித்தது. மற்றப் பாதிக்குப் பிடிக்கவில்லை. “தன்ர வீட்டுக்குள்ள இன்னொருத்தர் இருக்கிறதைப் பாத்தவனுக்குத்தான் தெரியும், நண்டு ஓடு எண்டு சொல்லுறது லேசு” என்று ஒருத்தி சொன்னாள். அவளுக்கு யாரும் பதில் சொல்லவில்லை.

மூன்றாம் பருவத்தில் ஆங் மாறுவேடத்தில் நெருப்பு நாட்டுப் பள்ளிக்கூடம் ஒன்றுக்குப் போகிறான். வரலாற்றுப் பாடம். சோஸின் எந்த ஆண்டில் காற்று நாட்டுப் படையோடு போரிட்டான் என்று ஆசிரியர் கேட்கிறார். காற்று நாடோடிகளுக்குப் படையே இருக்கவில்லையே, அது ஒளித்திருந்து அடித்த அடிதானே என்று ஆங் சொல்கிறான். நாட்டின் வரலாற்றுப் புத்தகத்தைவிட உனக்கு எப்படிக் கூடத் தெரியும், நூறு வருடத்துக்கு முதல் நீ அங்கே நின்றாயா என்ற மாதிரி ஆசிரியர் கேட்கிறார். அவன் அங்கே நின்றிருக்க வேண்டியவன். சொல்லமுடியாமல் இருந்துவிடுகிறான். வரலாற்றுப் புத்தகத்தில் தன் ஊர் எங்கே இருக்கிறது என்று பொருளடக்கத்தில் தேடிப்பார்த்த எந்தப் பிள்ளைக்கும் அந்த வாங்கில் இருக்கிற ஆங்கைத் தெரியும்.

எங்களுக்குப் பிடித்தது அடுத்து அவன் செய்த காரியம். அவன் அந்தப் பிள்ளைகளுடன் சண்டை பிடிக்கவில்லை. அவர்களுக்கு ஆடவே தெரியவில்லை, பள்ளிக்கூடத்தில் ஆட்டம் தடை என்று கண்டதும், இரவில் குகை ஒன்றுக்குள் கூட்டிக்கொண்டுபோய் ஆட வைத்தான். அங்கே அவன் ஆடிக்காட்டியது நூறு வருடத்துக்கு முதல் நெருப்பு நாட்டில் வாழ்ந்த அவனுடைய நண்பன் ஆடிய ஆட்டங்கள். தன் மக்களை அழித்த நாட்டின் பிள்ளைகளுக்கு அவர்களே மறந்த ஆட்டத்தைத் திருப்பிக் கொடுக்கிறான். கடைசி ஆள் என்றால் தன்னுடையதை மட்டும் பொத்திப் பிடித்திருக்கிறவன் என்று நாங்கள் நினைக்கலாம். ஆங் மற்றவனுடையதையும் சேர்த்து ஞாபகம் வைத்திருந்தான்.

கொல்லாமல் விட்டது

முதல் தொடரின் முடிவில்தான் பெரிய சண்டை. திரையிலும் எங்களுக்குள்ளும்.

வால்வெள்ளி திரும்ப வருகிறது. சோஸினின் பேரன் ஓசாய் மண் இராச்சியத்தை எரிக்கக் கிளம்புகிறான். ஓசாயைக் கொல்லத்தான் வேண்டும் என்று கூட இருக்கிற எல்லாரும் சொல்கிறார்கள். ஓசாயின் சொந்த மகன் ஸூக்கோவும் சொல்கிறான். ஆங்குக்கு மனமில்லை. முன்னைய அவதார்களை ஒவ்வொருவராக அழைத்துக் கேட்கிறான். ரோக்கு, க்யோஷி, குருக் எல்லாரும் தயங்காதே என்கிற பக்கம்தான். கடைசியாகக் காற்று நாடோடிப் பெண்ணான யாங்சென். அவளாவது தன் பக்கம் நிற்பாள் என்று நம்புகிறான். அவளும் சொல்கிறாள்: துறவிகள் தங்கள் ஆன்மாவைப் பார்க்கலாம், அவதாரின் கடமை உலகத்துக்கு, உன் சுத்தத்தைப் பலி கொடு என்று.

பிறகு சிங்கத்தலை கொண்ட பெரிய ஆமை ஒன்று வந்து, ஒருவரின் வித்தையை மட்டும் பறிக்கிற வழியை அவனுக்குக் கொடுக்கிறது. ஓசாய் உயிரோடு சிறைக்குப் போகிறான்.

“இது ஏமாத்து” என்றான் எங்களில் ஒருவன். “எழுதினவைக்கு முடிவெடுக்கப் பயம். அதான் ஆமையைக் கொண்டுவந்து விட்டவை. நிசத்தில ஆருக்கும் ஆமை வராது.” இது நியாயமான குறை. நிசத்தில் ஆமை வந்ததில்லை என்பது எங்களுக்கும் தெரியும்.

ஆனால் அந்தச் சண்டைக் காட்சியைத் திரும்பப் போட்டுப் பார்த்தோம். ஓசாய் விட்ட மின்னலை ஆங் உடம்பால் வாங்கி, அவன்மேலேயே திருப்பிவிடக்கூடிய ஒரு கணம் வருகிறது. திருப்பினால் கதை முடிந்தது. அவன் அதை வானத்துக்கு விடுகிறான். ஆமை கொடுத்த வழி சரிவருமா என்று அந்த நேரம் அவனுக்குத் தெரியாது. அது பிசகினால் அவனுடைய ஆன்மாவே அழிந்துபோகும். ஆகவே முடிவு ஆமையினது இல்லை, அவனுடையதுதான்.

ஏன் அப்படி? நாங்கள் கதைத்துக் கதைத்து வந்து சேர்ந்த இடம் இது. உலகத்தில் மிஞ்சியிருக்கிற காற்று நாடோடி அவன் ஒருவன்தான். அவன் ஓசாயைக் கொன்றிருந்தால் காற்றை அசைக்கிற ஒருவன் மிஞ்சியிருப்பான். காற்று நாடோடிகள் வாழ்ந்த முறையில் வாழ்கிற ஒருவரும் மிஞ்சியிருக்க மாட்டார்கள். சோஸின் தொடங்கியதை ஆங்கே முடித்துவைத்த மாதிரி ஆகியிருக்கும். யாங்சென் காலத்தில் அவளைச் சுற்றி ஆயிரக்கணக்கான துறவிகள் இருந்தார்கள். அவள் விதியை மீறினால் காப்பாற்ற மற்றவர்கள் இருந்தார்கள். ஆங்குக்குப் பின்னால் ஆருமில்லை.

க்யாட்ஸோவைச் சுற்றிக் கிடந்த எலும்புகளை இப்போது நினைத்துப் பாருங்கள். அந்தக் கடைசி நேரத்தில் குருவாலேயே காக்க முடியாமல் போனதைச் சீடன் காப்பாற்றுகிறான். அதற்காகக் குருவில் அவனுக்கு அன்பு குறையவும் இல்லை.

வித்தை இல்லாத பிள்ளைகள்

போர் முடிந்த பிறகான ஆங்கை ‘த ப்ரொமிஸ்’ என்ற படக்கதையில் பார்க்கலாம். ஜீன் லுவென் யாங் எழுதி 2012இல் வந்தது. அதில் ஆங்கின் ரசிகைகள் சிலர் காற்று நாடோடிகள் மாதிரி உடுத்தி, நெற்றியில் அம்பு பச்சையும் குத்திக்கொண்டு வந்து நிற்கிறார்கள். ஆங்குக்குத் தாங்க முடியாத கோபம். அந்த அம்பு வித்தையைக் கற்றுத் தேறி வாங்குவது. அவனுடைய மக்கள் அதோடு செத்தவர்கள். அது இவர்களுக்கு ஒரு அலங்காரம். கோபம் ஆறினபிறகு அவன் ஒன்றை விளங்கிக்கொள்கிறான். அந்தப் பிள்ளைகள் கேலிக்குச் செய்யவில்லை, விரும்பிச் செய்தவர்கள், சொல்லிக்கொடுக்கத்தான் ஆள் இருக்கவில்லை. அவர்களில் இருந்துதான் காற்றுச் சீடர்கள் என்ற கூட்டம் உருவாகிறது. காற்றை அசைக்கத் தெரியாது. ஆனால் கோயிலைத் திருத்தி, மரக்கறி சாப்பிட்டு, அந்த வாழ்வை வாழ்கிறவர்கள். ஆங் எடுத்த முடிவுகளில் இது பெரியது என்று நாங்கள் எல்லாரும் ஒருமனதாக ஒத்துக்கொண்டோம். அபூர்வமாக.

அப்படிப்பட்ட ஆங் தன் வீட்டில் என்ன செய்தான்?

ஆங்குக்கும் கட்டாராவுக்கும் மூன்று பிள்ளைகள். மூத்தவன் பூமிக்கு வித்தையே இல்லை. கயாவுக்குத் தாயின் நீர்வித்தை. கடைசி டென்சினுக்குத்தான் காற்று. ‘கோரா’வின் இரண்டாம் பருவத்தில், நரை விழுந்த மூன்று பேரும் தெற்குக் காற்றுக் கோயிலுக்கு வருகிறார்கள். ஆங்குக்கு வேறு பிள்ளைகளும் இருக்கிற விசயமே அங்குள்ள காற்றுச் சீடர்களுக்குத் தெரியவில்லை. அப்பா எங்களை அங்கே கூட்டிப்போனார், இங்கே கூட்டிப்போனார் என்று டென்சின் ஞாபகம் சொல்லச் சொல்ல, அக்காவும் அண்ணாவும் சிரித்துக்கொண்டே சொல்கிறார்கள், உன்னை மட்டும்தான் என்று. டென்சினுக்கு நம்ப முடியவில்லை. அவன் நினைவில் அப்பா எல்லாருக்கும் அப்பா.

இந்த இடத்தில் எங்களில் ஒருத்தி எழும்பிப்போய்த் தண்ணி குடித்துவிட்டு வந்தாள். அவள் மட்டக்களப்புப் பக்கம், பரம்பரையாகக் கூத்துப் பழக்குகிற அண்ணாவியார் குடும்பம். தாத்தா அண்ணாவியார், அப்பா மத்தளம் அடிக்கிறவர். தம்பிக்குச் சின்ன வயதிலேயே சலங்கை கட்டினார்கள். இவளுக்கு இல்லை. கூத்தில் பெண் வேசத்தையும் ஆம்பிளைகள்தான் கட்டுவது பழைய வழமை. இப்போது பல இடங்களில் பெண்பிள்ளைகள் ஆடுகிறார்கள், அவளின் வீட்டுக்கு அது வந்து சேரவில்லை. மாதக்கணக்காக முற்றத்தில் நடக்கிற பழக்கத்தை அடுப்படிக்குள் இருந்து கேட்டே அவளுக்கு ஒரு கூத்தின் பாட்டு முழுக்கப் பாடம். தம்பிக்குப் பாதிதான் வரும். அவன் இப்போது டுபாயில் வேலை. தாத்தாவின் கையெழுத்துக் கொப்பி அவனுக்கென்று பெட்டிக்குள் இருக்கிறது.

“தாத்தா கெட்டவர் இல்ல” என்றாள். “அவருக்குக் கை காட்டின பாதை ஒண்டுதான். அதில நான் இல்ல, அவ்வளவுதான்.”

ஆங்கைப் பற்றி நாங்கள் எழுதக்கூடிய நியாயமான வசனமும் அதுதான். கண்ணுக்கு முன்னால் ஒரு நாட்டாரின் கடைசி மூச்சு. அதை வாங்கக்கூடியது மூன்று பிள்ளைகளில் ஒன்றுதான். எந்தத் தகப்பனும் அந்தப் பிள்ளையைத்தான் தோளில் தூக்குவான். ஊரார் பெண்களுக்குக் கதவைத் திறந்துவிட்டவன் வீட்டுக்குள் இரண்டு பேரை வெளியில் நிற்பாட்டினான். பயந்தவர்கள் இப்படித்தான் கொடுப்பார்கள், எது அழிந்துவிடும் என்று பயமோ அதை மட்டும், அதை வாங்கக்கூடிய பிள்ளைக்கு மட்டும். ஆங் 66 வயதில் இறந்துவிட்டான். பனிக்குள் கழிந்த நூறு வருடம் ஆயுளைத் தின்றுவிட்டதாம். திருத்திக்கொள்ள அவனுக்கு நேரமும் இருக்கவில்லை.

தோளில் ஏறினவனும் சுகமாக இல்லை. டென்சின் ஐம்பது வயது தாண்டியும் அப்பாவின் நிழலைச் சுமந்துகொண்டு திரிகிற மனுசன். ஆவி உலகத்தின் மூடுபனிக்குள் மாட்டுப்பட்டு, நான்தான் காற்று நாட்டின் நம்பிக்கை, நான் தோற்கக்கூடாது என்று பிதற்றுகிறான். அங்கே அப்பாவின் தோற்றம் வந்து அவனுக்குச் சொல்வதன் சாரம், நீ நானில்லை, நானாக இருக்கத் தேவையுமில்லை என்பதுதான். அதைக் கேட்டபிறகுதான் அவனால் அந்த மூடுபனியை விட்டு வெளியில் வர முடிகிறது. “நீங்கதான் எங்கட எல்லாத்தையும் காப்பாத்தோணும்” என்று மேடைகளில் எங்களைப் பார்த்துச் சொல்கிற பெரியவர்களுக்கு அந்த அத்தியாயத்தை ஒருக்காப் போட்டுக் காட்டவேண்டும்.

காற்று தானாக வந்தபோது

மூன்றாம் பருவத்தில் கதை தலைகீழாகிறது. ஆவி உலகத்துக்கும் மனித உலகத்துக்கும் நடுவில் இருந்த வாசல்கள் திறந்தபடியே விடப்பட, எங்கெங்கோ இருக்கிற சாதாரண சனங்களுக்குத் திடீரென்று காற்றுவித்தை வருகிறது. கமக்காரன், களவெடுத்துத் திரிகிற அநாதைப் பொடியன், யாரென்று கணக்கில்லை. பூமிக்கும் வருகிறது, இத்தனை வயதுக்குப் பிறகு, தற்செயலாகக் கீழே விழும்போது.

டென்சினுக்குத் தலைகால் தெரியாத சந்தோசம். ஊர் ஊராகப் போய், வாங்கோ, மொட்டை அடிப்பம், மரக்கறி சாப்பிடுவம், மலையில இருப்பம் என்கிறான். அவர்களுக்குக் குடும்பம் இருக்கிறது, வேலை இருக்கிறது. மாட்டோம் என்கிறார்கள். வந்த கொஞ்சப் பேரும் வரலாறு படிப்பிக்க நித்திரை தூங்குகிறார்கள். நாங்கள் விழுந்து விழுந்து சிரித்தோம். தமிழ்த் தினப் போட்டிக்குப் பிள்ளை பிடிக்கிற எங்கட சேர்மாரை நினைத்துத்தான்.

காற்று வந்தவர்களில் ஒருவன் ஸஹீர். 13 வருடம் சிறையில் இருந்தவன். டென்சினின் மாணவர்களைவிடக் காற்று நாடோடிகளின் நூல்களை ஆழமாகப் படித்தவன். லகிமா என்ற பழைய குருவின் பாடல்கள் அவனுக்கு மனப்பாடம். இந்தப் பெயரும் எங்களுக்குப் புதிசில்லை. சித்தர்கள் சொல்லுகிற அட்டமா சித்திகளில் ஒன்று இலகிமா, உடம்பைக் காற்று மாதிரி இலேசாக்குவது. பற்றை விடு என்ற போதனையை ஸஹீர் கடைசிவரை கொண்டுபோகிறான். காதலி கண்முன்னால் செத்தபிறகு உண்மையாகவே பறக்கிறான், ஆங்கே இப்படிப் பறந்ததில்லை. அதற்கு முதல் அதே காற்றைக்கொண்டு மண் இராச்சியத்து அரசியின் நெஞ்சுக்குள் இருந்து மூச்சை இழுத்து எடுத்து அவளைக் கொல்கிறான்.

வித்தை இருக்கிறது. நூல் அறிவு இருக்கிறது. மேற்கோள் தப்பில்லாமல் வருகிறது. இருந்தும் ஸஹீரைக் காற்று நாடோடி என்று சொல்ல எங்களுக்கு வாய் வரவில்லை. அம்பு பச்சை குத்தின அந்த ரசிகைகளை, ஒரு இலையைக்கூட அசைக்கத் தெரியாதவர்களை, சொல்ல வருகிறது. மூன்றாம் பருவம் முழுக்க இந்த ஒரு வித்தியாசத்தைக் காட்டத்தான் எழுதப்பட்டது போல எங்களுக்குப் பட்டது.

ஸஹீரைக் கீழே இறக்கியதும் பெரிய ஆசான் ஒருவரும் இல்லை. ஆங்கின் பேத்தி ஜினோரா, சின்னப் பிள்ளை, பழகாத அந்தப் புதுச் சனத்தை எல்லாம் வட்டமாக நிற்பாட்டிச் சுழல வைத்து எழுப்பிய ஒரு பெரிய சுழல்காற்று. தனியாக யாராலும் முடியாததை நித்திரை தூங்கின மாணவர்கள் சேர்ந்து செய்தார்கள். பிறகு ஜினோராவுக்கு அம்பு பச்சை குத்துகிறார்கள். அந்தச் சடங்கில் டென்சின் சொல்கிறான், காற்று நாட்டார் இனி மலையில் ஒதுங்கி இருக்கப்போவதில்லை, திரும்ப நாடோடிகளாகி எல்லா நாட்டுச் சனத்துக்கும் உதவப் போகிறார்கள் என்று. அப்பாவிடம் படித்ததில் எதைப் பிடித்துக்கொள்வது, எதை மாற்றுவது என்று அந்த மனுசன் முதல் தடவையாகத் தானே முடிவெடுக்கிறான்.

எங்கட கூட்டாளி போன மாதம் ஊருக்குப் போனபோது, கொப்பியைப் போனில் படம் எடுக்கலாமா என்று தாத்தாவிடம் கேட்டிருக்கிறாள். அவர் கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லையாம். பிறகு, “எடு மகள். ஆனா ராகத்தைப் பிழைக்க விடாத” என்று சொல்லி, முதல் விருத்தத்தைத் தானே பாடிக் காட்டினாராம். கொப்பி இன்னும் தம்பியின் பெயரில்தான். பாட்டு அவளின் போனில் இருக்கிறது.

ஆங் காற்றை டென்சினுக்குத்தான் எழுதி வைத்தான். அது எங்கெங்கு போனது என்று பார்க்க விரும்பினால் ‘கோரா’வின் நான்காம் பருவத்துக்கு வாருங்கள். அரசியும் இல்லாமல் மண் இராச்சியம் சிதறிக் கிடக்கிறது. கொள்ளையர்களுக்கு நடுவில் மாட்டுப்பட்ட சின்ன ஊர் ஒன்றுக்கு உதவ இரண்டு இளம் காற்றுவித்தைக்காரர்கள் வருகிறார்கள். ஒருவன் கை, முந்திக் களவெடுத்துத் திரிந்த அதே பொடியன். மற்றவள் ஓபல், மண்ணையும் உலோகத்தையும் அசைக்கிற குடும்பத்தில் பிறந்தவள். இருவர் நெற்றியிலும் அம்பு இல்லை. ஆங்கின் இரத்தமும் இல்லை. ஊரில் உணவு முடியப்போகிறது, ஆக்கள் போதாது, கொள்ளையர் பலம். அவர்கள் அந்த ஊரை விட்டுப்போட்டுப் போகவில்லை.